வலென்சியா: மூன்று நாளில் எதை விடுவது?

கேள்வி, 2 செப்டம்பர் 2025

நாங்கள் ஸ்டுட்கார்ட்டில் இருக்கிறோம். ஊரிலிருந்து அப்பா, அம்மா வந்திருக்கிறார்கள், ஜெர்மன் விசிட் விசா. அக்டோபரில் நாலு பேருமாக ஸ்பெயினில் வலென்சியா போகலாம் என்று யோசனை. 8ஆம் தேதி புதன் இரவு இறங்கி 12ஆம் தேதி ஞாயிறு மாலை கிளம்ப வேண்டும். வியாழன் அறிவியல் நகரமும் (அருங்காட்சியகம், அரங்கம் எல்லாம் சேர்ந்த நவீனக் கட்டட வளாகம்) மீன் காட்சியகமும், வெள்ளி பார்சிலோனா போய்த் திரும்புவது, சனி பழைய நகரமும் கடற்கரையும், ஞாயிறு காலை மத்திய மார்க்கெட் பார்த்துவிட்டு ஏர்போர்ட். அப்பா பொதுப்பணித் துறையில் பாசனப் பிரிவிலிருந்து ஓய்வு பெற்றவர், நன்றாக நடப்பார். அம்மாவுக்கு முழங்கால் வலி, சுத்த சைவம், முட்டையும் கிடையாது. இந்தத் திட்டம் சரிப்படுமா? வலென்சியாவில் என்ன இருக்கிறது, பேசாமல் பார்சிலோனாவிலேயே தங்கிவிடலாம் என்கிறார் என் கணவர்.

2 செப்டம்பர், இரவு

சரிப்படாது. முதலில் பார்சிலோனாவைத் தூக்குங்கள். ரயிலில் ஒரு வழிக்கே மூன்று மணி நேரம் ஆகும். ஆறு மணி நேரம் ரயிலில் உட்கார்ந்து, மிச்ச நேரத்தில் சக்ராதா ஃபமிலியா தேவாலய வாசலில் நின்று படம் எடுத்துத் திரும்பினால் இரண்டு ஊரும் பார்த்ததாக ஆகாது. பார்சிலோனா வேண்டுமென்றால் அதற்கு என்று தனியாக ஒரு முறை போங்கள். ஸ்டுட்கார்ட்டிலிருந்து அது என்ன, கூப்பிடு தூரம்தான்.

ஞாயிறு மார்க்கெட் நடக்காது. மெர்காதோ சென்ட்ரால் ஞாயிற்றுக்கிழமை பூட்டு. மற்ற நாளிலும் மதியம் 3 மணியோடு கடையைக் கட்டிவிடுவார்கள்.

மூன்றாவது, 9ஆம் தேதி. அது வலென்சியப் பிரதேசத்தின் அரசு விடுமுறை. நாளை எழுதுகிறேன், இப்போது தூக்கம்.

3 செப்டம்பர்

அக்டோபர் 9. 1238இல் முதலாம் ஜாவுமே மன்னர் அரபு ஆட்சியிடமிருந்து நகரத்தைப் பிடித்து உள்ளே நுழைந்த நாள் என்று கொண்டாடுகிறார்கள். கொடி ஊர்வலம், முந்தின இரவு வாணவேடிக்கை எல்லாம் உண்டு. அன்றைக்கே காதலர் தினமும். ஆண்கள் பட்டுக் கைக்குட்டையில் பழ வடிவ மர்சிப்பான் (பாதாமும் சர்க்கரையும் அரைத்தது) மிட்டாய்களை முடிந்து பெண்களுக்குக் கொடுப்பார்கள். பத்து நாளுக்கு முன்பிருந்தே பேக்கரி ஜன்னலெல்லாம் சுண்டுவிரல் அளவில் கத்தரிக்காயும் மாதுளையும் வரிசை கட்டி நிற்கும். அழகுதான். ஆனால் மார்க்கெட் இல்லை, கடைகள் பாதி இல்லை, நடு ஊரில் கூட்டம்.

என் யோசனை, முடிந்தால் ஒரு வாரம் தள்ளிப் போடுங்கள், 15 முதல் 19 வரை. காரணம் உங்கள் அப்பா.

வியாழக்கிழமை மதியம் 12 மணிக்குக் கதீட்ரலின் அப்போஸ்தலர் வாசல் முன்னால் தண்ணீர் மன்றம் கூடும். எட்டு வாய்க்கால்களின் விவசாயிகள் தேர்ந்தெடுத்த பிரதிநிதிகள் கறுப்பு அங்கி போட்டுக்கொண்டு வந்து, தோல் வைத்த மர நாற்காலிகளில் வட்டமாக உட்காருவார்கள். பித்தளைக் கொக்கி வைத்த கோலோடு ஒருவர் நின்று, ஒவ்வொரு வாய்க்காலின் பெயரையும் சொல்லி, புகார் உண்டா என்று கூவுவார். குவார்ட், பெனாச்செர், மிஸ்லாத்தா, ஃபவாரா, ரொவேயா என்று வரிசையாகப் போகும். வரப்பை உடைத்தவன், முறை மீறித் தண்ணீர் பாய்ச்சியவன், வாய்க்காலைத் தூர் வாராமல் விட்டவன் எல்லாம் இங்கேதான் பதில் சொல்ல வேண்டும். எல்லாம் வாய்மொழி, வலென்சியன் மொழியில். வக்கீல் கிடையாது. குற்றம் சாட்டப்பட்டவரின் வாய்க்கால் பிரதிநிதி தீர்ப்பில் கலந்துகொள்ள முடியாது. மேல்முறையீடும் கிடையாது. அரபு ஆட்சிக் காலத்து முறை, ஆயிரம் வருஷத்துக்கு மேல் என்று பெருமையாகச் சொல்லிக்கொள்வார்கள். 2009இல் யுனெஸ்கோ இதை மரபுப் பட்டியலில் சேர்த்தது.

அப்பாவுக்கு இன்னொரு தகவல். அங்கே தண்ணீரை ஃபிலா என்று ஒரு பங்காகப் பிரிப்பார்கள். இத்தனை லிட்டர் என்று கணக்கு இல்லை, ஆற்றில் வருவதில் இத்தனை பங்கு என்றுதான். ஆற்றில் குறைந்தால் எல்லார் பங்கும் சேர்ந்தே குறையும். தண்ணீர் உரிமை நிலத்தோடு ஒட்டியது, தனியாகப் பிரித்து விற்க முடியாது. இதைச் சொன்னாலே அவர் டிக்கெட்டை மாற்றச் சொல்வார்.

விடுமுறை நாளில் வியாழன் விழுந்தால் அன்றைக்கு மன்றம் கூடாது. அதனால்தான் 9 வேண்டாம் என்கிறேன்.

3 செப்டம்பர், கொஞ்சம் கழித்து

ஒன்றைச் சொல்லிவிடுகிறேன், பிறகு என்னைத் திட்டக் கூடாது. பெரும்பாலான வாரங்களில் புகாரே இருக்காது. எட்டுப் பெயரையும் கூவி முடித்து, ஐந்து நிமிடத்தில் எழுந்து போய்விடுவார்கள். வேலை நிமித்தமாக வலென்சியாவில் இருந்த காலத்தில் பல வியாழக்கிழமை போய் நின்றிருக்கிறேன், ஒரு வழக்கும் பார்த்ததில்லை. ஆனாலும் போவேன்.

6 செப்டம்பர்

தேதி மாற்றியாகிவிட்டது, 15 முதல் 19 வரை என்று கேள்வி கேட்டவர் எழுதியிருக்கிறார். நல்லது.

விசா பற்றிக் கேட்டிருந்தார். ஜெர்மனி கொடுத்த ஷெங்கன் விசாவே ஸ்பெயினுக்கும் செல்லும், தேதியும் நாள் கணக்கும் மிச்சம் இருந்தால் போதும். பாஸ்போர்ட்டைக் கையில் வைத்துக்கொள்ளச் சொல்லுங்கள், நகல் போதாது. முக்கியமாக, மலிவு என்று லண்டன் வழியாக டிக்கெட் போட்டுவிடாதீர்கள். ஒற்றை நுழைவு விசாவாக இருந்தால் வெளியே போன பிறகு திரும்ப ஷெங்கனுக்குள் வர முடியாது.

இனி கணவரின் கேள்வி: "வலென்சியாவில் என்ன இருக்கிறது?"

ஆறு இல்லாத ஆறு இருக்கிறது. துரியா நதி பழைய நகரத்தைச் சுற்றிக்கொண்டு ஓடிய ஆறு. 1957 அக்டோபர் 14ஆம் தேதி ஊருக்குள் புகுந்தது. 80 பேருக்கு மேல் செத்துப்போனார்கள். அதன் பிறகு அரசாங்கம் ஆற்றையே ஊருக்குத் தெற்கே தள்ளிவிட்டது. புதுப் பாதையின் கொள்ளளவு வினாடிக்கு 5,000 கன மீட்டர், அதாவது அப்பாவின் கணக்கில் சுமார் 1,76,000 கன அடி. காய்ந்துபோன பழைய படுகையில் நெடுஞ்சாலை போடத் திட்டம். ஊர் மக்கள் எதிர்த்து நின்றார்கள், ஆற்றுப் படுகை எங்களுடையது, அது பச்சையாக வேண்டும் என்று. ஜெயித்தார்கள். இன்றைக்கு அது ஒன்பது கிலோமீட்டர் நீளப் பூங்கா. மேலே பழைய கல் பாலங்கள் அப்படியே நிற்கின்றன, கீழே தண்ணீர் ஓடிய இடத்தில் கால்பந்து ஆடுகிறார்கள்.

ஊரின் வரைபடத்தை எடுத்தால் ஆறு வளைந்த மாதிரியே பச்சை வளைகிறது. எந்தப் பாலத்தில் இறங்கினாலும் வழி தப்பாது, மேற்கே போனால் மிருகக்காட்சி சாலை, கிழக்கே போனால் அறிவியல் நகரம். போக்குவரத்து சிக்னல் ஒன்றுகூடக் குறுக்கே வராது. அம்மாவுக்கு நிழலும் பெஞ்சும் நிறைய.

கணவருக்கு இது போதாது என்றால் கடைசி நாள் கடற்கரையில் விட்டுவிடுங்கள்.

7 செப்டம்பர்

தங்குமிடம். கடற்கரைப் பக்கமும் வேண்டாம், அறிவியல் நகரம் பக்கமும் வேண்டாம். இரண்டும் இரவு ஒன்பதுக்கு மேல் வெறிச்சோடும், பழைய நகரத்துக்கு ஒவ்வொரு தடவையும் பஸ் பிடிக்க வேண்டும். ஷாத்திவா, கொலோன் இந்த இரண்டு மெட்ரோ நிலையங்களைச் சுற்றி எங்கே கிடைத்தாலும் சரி. ஏர்போர்ட்டிலிருந்து 3, 5 இரண்டு தடமும் கொலோன், ஷாத்திவா வழியாகத்தான் போகும். ருசாஃபா பேட்டை இளசுகளுக்கு நல்லது. வெள்ளி, சனி இரவு அம்மா தூங்க மாட்டார்.

அபார்ட்மென்ட் எடுப்பதானால் லிஃப்ட் உண்டா என்று எழுத்தில் கேளுங்கள். பழைய ஸ்பானியக் கட்டடங்களில் தரைத்தளத்துக்கு மேலே என்ட்ரெசுவேலோ என்று ஒரு தளம், அதற்கு மேலே பிரின்சிபால் என்று ஒரு தளம், அதற்குப் பிறகுதான் "முதல் மாடி" ஆரம்பிக்கும். முதல் மாடிதானே என்று நம்பிப் போட்டால் பெட்டியைத் தூக்கிக்கொண்டு மூன்று மாடி ஏற நேரலாம். எல்லாக் கட்டடத்திலும் இப்படி இல்லை, ஆனால் முழங்கால் வலிக்காரரை வைத்துக்கொண்டு சோதித்துப் பார்க்க வேண்டாம்.

10 செப்டம்பர்

சாப்பாடு. எல்லாரும் தள்ளித் தள்ளிப் போடுகிற விஷயம், அதனால் நீளமாகவே எழுதுகிறேன்.

ஸ்பெயினில் "நான் வெஜிடேரியன்" என்று சொன்னால் போதாது. பல இடங்களில் அதற்குப் பெரிய கறித்துண்டு வேண்டாம் என்று மட்டும்தான் பொருள். சாலட்டில் டின் சூரை மீன் போட்டுக்கொண்டு வருவார்கள். பயறு மசியலில் சொரீசோ என்ற பன்றித் தொத்திறைச்சி மிதக்கும். கடற்கரை ஓரம் ஒரு உணவகத்தில் காய்கறிப் பாயேயா (அகலப் பாத்திரத்தில் செய்யும் அரிசிச் சமையல்) கேட்டேன், மேலே கூனைப்பூவும் குடைமிளகாயும் பார்க்க லட்சணமாக இருந்தது. முதல் கரண்டியிலேயே இறால் தலை வாசம். கேட்டதற்கு, காய்கறிதானே போட்டிருக்கிறோம், வேகவைத்த தண்ணீர்தான் மீன் தண்ணீர் என்றார் பரிமாறியவர், ஒளிவுமறைவே இல்லாமல்.

ஆகவே ஒவ்வொன்றாகச் சொல்லுங்கள்: "ஸின் கார்னே, ஸின் பெஸ்காதோ, ஸின் ஹமோன், ஸின் வெவோ." கறி இல்லாமல், மீன் இல்லாமல், ஹாம் இல்லாமல், முட்டை இல்லாமல். ஹாமைத் தனியாகச் சொல்ல வேண்டும், அது அவர்களுக்குக் கறிக் கணக்கில் வராது, உப்பு மாதிரி. அரிசி சமையல் என்றால் கூடவே, "எல் கால்தோ தம்பியேன் தெ வெர்துராஸ்?" குழம்புத் தண்ணீரும் காய்கறியில்தானா என்று. இந்த இரண்டையும் போனில் ஸ்பானிய எழுத்தில் வைத்துக்கொண்டு காட்டினால் இன்னும் நல்லது.

அம்மா தைரியமாகச் சாப்பிடக்கூடியவை: பான் கொன் தொமாத்தே, அதாவது சுட்ட ரொட்டியில் தக்காளியும் ஆலிவ் எண்ணெயும். பாத்ரோன் மிளகாய், முழுசாகப் பொரித்து உப்புக்கல் தூவியது. பத்தில் ஒன்று காரமாக இருக்கும், அந்த ஒன்று அம்மாவுக்கே கிடைக்கட்டும். சுட்ட கத்தரிக்காயும் குடைமிளகாயும் சேர்ந்த எஸ்காலிவாதா, மேலே நெத்திலி வைக்காமல். கொண்டைக்கடலையும் பசலைக் கீரையும். பிராவாஸ் உருளைக்கிழங்கு, அலியோலி என்ற பூண்டுச் சாந்து இல்லாமல், ஏனென்றால் ஹோட்டல் அலியோலியில் முட்டை உண்டு. எஸ்கர்ராயெத் என்று ஒன்று பார்க்கக் குடைமிளகாய் மாதிரியே இருக்கும், உள்ளே உப்புக் கருவாடு. ஆர்டர் செய்யாதீர்கள்.

இந்திய உணவகங்கள் ஊரில் உண்டு. இருந்தாலும் சமையலறை உள்ள அறையாக எடுங்கள். மெர்காதோ சென்ட்ராலில் காய் வாங்கிக் கொடுத்தால் அம்மா ஒரு வேளையாவது நிம்மதியாகச் சாப்பிடுவார். கர்ரோஃபோ என்று தட்டையான வெள்ளைப் பயறு விற்கும், அது நம் டபுள் பீன்ஸ் இனம்தான், அளவில் பெரிது. குழம்பு வைத்தால் பிரமாதம்.

10 செப்டம்பர், இரவு

நேரம் சொல்ல விட்டுப்போச்சு. மதியச் சாப்பாடு 2 மணிக்கு. 4 மணிக்குச் சமையலறை மூடினால் இரவு எட்டரை வரை சூடாக எதுவும் கிடைக்காது. நம் வீட்டுப் பெரியவர்கள் பன்னிரண்டரைக்குப் பசிக்கிறது என்பார்கள், இரவு ஏழு மணிக்குச் சாப்பிட்டுப் படுக்க வேண்டும் என்பார்கள். அந்த இரண்டு நேரமும் அங்கே கிடையாது. பையில் எலுமிச்சை சாதம்.

11 செப்டம்பர்

ஒர்ச்சாத்தா குடிக்கலாமா என்று ஒருவர் கேட்டிருக்கிறார். தாராளமாக. பால் இல்லை, முட்டை இல்லை. சூஃபா என்ற கிழங்கை ஊறவைத்து அரைத்துப் பிழிந்து சர்க்கரை போட்டுக் குளிரக் குளிரக் கொடுப்பார்கள். வடக்கே ஒட்டினாற்போல இருக்கிற அல்போராயா ஊர் வயல்களில் விளைகிறது. அப்பாவிடம் அந்தக் கிழங்கைக் காட்டுங்கள். நம் வயலில் வேலை மெனக்கெட்டுப் பிடுங்கி எறிகிற கோரை இருக்கிறதே, அதன் இனம். இங்கே அதைப் பயிராக்கி, அதற்குப் புவிசார் அடையாளமும் வாங்கி வைத்திருக்கிறார்கள்.

தொட்டுக்கொள்ள ஃபார்த்தோன் என்று நீள இனிப்பு ரொட்டி வரும். அதில் முட்டை உண்டு, அம்மாவுக்கு வேண்டாம்.

14 செப்டம்பர்

அல்புஃபேரா. ஊருக்குத் தெற்கே பத்துக் கிலோமீட்டரில் நன்னீர் ஏரி, சுற்றி நெல் வயல். கடலுக்கும் ஏரிக்கும் நடுவே மெல்லிய மணல் திட்டு, அதில் பைன் காடு. பாயேயா பிறந்த பூமி இதுதான் என்பார்கள். அசல் வலென்சியப் பாயேயாவில் கடல் உணவு இல்லை. கோழி, முயல், தட்டையான பச்சை பீன்ஸ், கர்ரோஃபோ, தக்காளி, குங்குமப்பூ, அவ்வளவுதான், சில வீடுகளில் நத்தையும். சொரீசோ போட்டால் சண்டைக்கு வருவார்கள். நீங்களும் உங்கள் கணவரும் அசைவம் என்று எழுதியிருந்தீர்கள். நீங்கள் இருவரும் சேர்ந்து ஒன்று சொல்லுங்கள், பெரும்பாலும் இரண்டு பேருக்குக் குறைந்து செய்ய மாட்டார்கள். அப்பா, அம்மாவுக்குக் காய்கறியில் தனிப் பாத்திரம், முதல் நாளே போன் செய்து சொல்லி வைத்தால் பல இடங்களில் செய்து கொடுப்பார்கள். தட்டில் அள்ளிப் போட்டுக்கொள்ளாமல் பாத்திரத்தின் விளிம்பிலிருந்து நடுவை நோக்கி மரக்கரண்டியால் தோண்டிக்கொண்டே போவதுதான் முறை, அவரவர் எல்லைக்குள். அடியில் ஒட்டிய சொக்கர்ராத், நம் அடிப்பிடிச்ச சோறு, அதற்குத்தான் அடிதடி. கரிந்த வாசம் வரக் கூடாது, பொன்னிறமாக ஒட்டியிருக்க வேண்டும். அந்தப் பக்குவம் தெரிந்த கடையில் அடுப்பை அணைத்த பிறகும் பாத்திரத்தில் காதை வைத்துக் கேட்பார்கள், சடசடவென்று சத்தம் நிற்கிற வரைக்கும்.

பாயேயா மதியச் சாப்பாடு. இரவில் பாயேயா சாப்பிடுகிற மேஜை முழுக்க வெளியூர்க்காரர்கள்.

அக்டோபர் நடுவில் அறுவடை முடிந்து அறுத்த தாள்தான் இருக்கும். பச்சை வயல் பார்க்க ஜூலையில் வர வேண்டும். நவம்பரில் வயல்களில் தண்ணீர் கட்டிவிடுவார்கள், பறவைகளுக்காக. நீங்கள் போகிற நேரம் இரண்டுக்கும் நடுவே. ஏமாற வேண்டாம் என்பதற்காகச் சொல்கிறேன். படகுச் சவாரி எப்போதும் உண்டு.

எல் பால்மார் ஊருக்கு டவுனிலிருந்து நகரப் பேருந்தே போகிறது.

19 செப்டம்பர்

அறிவியல் நகரத்தைப் பற்றி நான் ஏன் எழுதவில்லை என்று கேள்வி. எல்லாரும் அதைத்தான் எழுதுகிறார்கள், அதனால்தான்.

சரி. கலத்ராவா கட்டியது, அவர் அந்த ஊர்க்காரர். கண் வடிவத்தில் இருக்கும் ஹெமிஸ்ஃபெரிக் 1998, எலும்புக்கூடு மாதிரி நீளும் அறிவியல் அருங்காட்சியகம் 2000, இசை நாடக அரங்கம் 2005. மீன் காட்சியகத்தின் கூரை மட்டும் ஃபெலிக்ஸ் கண்டேலாவின் கற்பனை, 2003இல் திறந்தது. எனக்கு அந்தக் கூரைதான் பிடிக்கும், காகிதத்தை மடித்து வைத்த மாதிரி கான்கிரீட். இசை அரங்கத்தின் மேல் ஒட்டிய வெள்ளை ஓட்டுச் சில்லுகள் 2013 கடைசியில் பெயர்ந்து விழுந்து, மொத்தத்தையும் சுரண்டி எடுத்துத் திரும்ப ஒட்டினார்கள். செலவுக் கணக்கில் அந்த ஊர்க்காரர்களுக்கு இன்னும் ஆறாத கோபம். டாக்சியில் போகும்போது கேட்டுப் பாருங்கள், ஓட்டுநர் மூச்சு விடாமல் பேசுவார்.

வெளியே சுற்றிப் பார்க்கக் காசு இல்லை. அருங்காட்சியகம் உள்ளே குழந்தைகளுக்கு. மீன் காட்சியகம் விலை அதிகம், நாலு பேருக்கு யோசித்துச் செய்யுங்கள். சாயங்காலம் வெயில் இறங்கிய பிறகு போய், விளக்குப் போடும் வரை இருந்துவிட்டு வாருங்கள், அது போதும் என்பது என் கட்சி.

20 செப்டம்பர்

மீன் காட்சியகம் பற்றி இன்னொரு தடவை யோசித்தேன். மழை பெய்தால் அம்மாவை வைத்துக்கொண்டு எங்கே போவீர்கள்? பாதிக்கு மேல் கூரைக்கு அடியில், உட்கார இடம் உண்டு. மழைக்கு என்று கையில் வைத்துக்கொள்ளுங்கள், முன்பதிவு வேண்டாம்.

25 செப்டம்பர்

ஒருவர் நேரடியாகவே கேட்டிருக்கிறார்: போன வருஷ வெள்ளத்துக்குப் பிறகு அங்கே சுற்றிப் பார்க்கப் போவது சரியா, ஊர் எப்படி இருக்கிறது என்று.

2024 அக்டோபர் 29. வலென்சியா மாகாணத்தில் 220 பேருக்கு மேல் இறந்தார்கள். துரீஸ் என்ற ஊரில் ஒரே நாளில் 771 மில்லிமீட்டர் மழை. செத்தவர்களில் பலர் இருந்த ஊர்களில் மழையே பெரிதாகப் பெய்யவில்லை. மேலே மலையில் பெய்தது போயோ ஓடை வழியாக இறங்கி பைபோர்த்தா, கத்தர்ரோஹா, அல்ஃபஃபார், மஸனஸ்ஸா என்று தெற்கு ஊர்களுக்குள் புகுந்தது. கைபேசிகளுக்கு எச்சரிக்கைச் செய்தி போனது இரவு 8 மணிக்கு மேல். அதற்குள் பல தெருக்களில் தண்ணீர் தலைக்கு மேல். அந்தத் தாமதத்துக்கு யார் பொறுப்பு என்று இன்னும் ஊர்வலம் போகிறார்கள், நீதிமன்றத்தில் வழக்கும் நடக்கிறது.

பழைய நகரத்துக்கு ஒன்றும் ஆகவில்லை. 1957க்குப் பிறகு வெட்டிய அந்தப் புதுப் பாதை துரியாவின் வெள்ளத்தைத் தாங்கிக்கொண்டது. ஆனால் அந்தப் பாதைக்குத் தெற்கே இருந்த ஊர்கள் வேறு ஓடையில் மாட்டின. ஒரே நகரத்துக்காரர்கள், கரைக்கு இந்தப் பக்கம் காபி குடித்துக்கொண்டிருக்க, அந்தப் பக்கம் முழுகிப் போனது. அடுத்த சில நாட்களில் ஆயிரக்கணக்கான இளைஞர்கள் துடைப்பமும் மண்வெட்டியும் தூக்கிக்கொண்டு நடைபாலத்தைக் கடந்து போனார்கள்.

போவது சரியா என்றால், சரிதான். ஊர் சுற்றுலாவை நம்பியிருக்கிறது. வெள்ளம் பாதித்த ஊர்களைப் "பார்க்க" மட்டும் போகாதீர்கள். அப்பாவுக்குத் துறை ஆர்வம் வரும், எனக்குத் தெரியும். அல்புஃபேரா போகிற வழியில் புதுப் பாதையைப் பாலத்தின் மேலிருந்தே பார்க்கலாம். வருஷம் முழுக்கக் காய்ந்து கிடக்கிற அகலமான கான்கிரீட் வாய்க்கால், அதைப் பார்த்தால் மிச்சத்தை அவரே சொல்லிவிடுவார்.

25 செப்டம்பர், பின்னால்

அல்புஃபேராவுக்குப் பேருந்து என்று எழுதியிருந்தேன். தனியாகப் போகிறவனுக்கு அது சரி. சூரியன் மறைகிற வரை படகில் இருந்துவிட்டு, அதற்குப் பிறகு இருட்டில் அம்மாவை நிறுத்தத்தில் நிற்க வைப்பது நியாயம் இல்லை. அந்த நேரத்தில் வண்டி அடிக்கடி வராது. நாலு பேர் இருக்கிறீர்கள், திரும்பி வர டாக்சி சொல்லிவிடுங்கள். அக்டோபர் நடுவில் ஏழேகால் வாக்கில் மறையும்.

5 அக்டோபர்

வெள்ளிக்கிழமை காலியாக இருக்கிறதே, பக்கத்தில் ஏதாவது ஊர் உண்டா என்று கேள்வி.

ஷாத்திவா. மெட்ரோ நிலையம் வேறு, இது ஊர். எஸ்தாசியோ தெல் நோர்த்திலிருந்து புறநகர் ரயிலில் ஒரு மணி நேரத்துக்குள். அந்த ரயில் நிலையத்தையே கால் மணி நேரம் பாருங்கள். 1917இல் திறந்தது, முகப்பு முழுக்க ஆரஞ்சுப் பழமும் பூவும், டிக்கெட் மண்டபத்தில் பல மொழிகளில் "நல்ல பயணம்" என்று மொசைக்கில் பதித்திருப்பார்கள். தமிழ் இல்லை, தேடாதீர்கள்.

ஷாத்திவாவில் மலை மேலே கோட்டை. அம்மாவுக்கு டாக்சி அல்லது சின்னச் சுற்றுலா ரயில் வண்டி. ஆனால் நான் சிபாரிசு செய்வது ஒரே ஒரு படத்துக்காக. ஐந்தாம் ஃபெலிப்பே மன்னர் 1707இல் இந்த ஊரைக் கொளுத்தினார். அவருடைய ஓவியத்தை ஊர் அருங்காட்சியகத்தில் தலைகீழாகத் தொங்கவிட்டிருக்கிறார்கள். இன்னும் எடுக்கவில்லை. கோபத்தை இவ்வளவு நேர்த்தியாகச் சட்டம் போட்டு மாட்டிய ஊரை நான் வேறெங்கும் பார்த்ததில்லை.

சாகுந்த் என்று இன்னொன்று சொல்வார்கள், ஹானிபால் முற்றுகை போட்ட ஊர். வரலாற்றுப் பித்து இருந்தால் மட்டும். ஏற்றம் அதிகம்.

12 அக்டோபர்

இந்த வார இறுதியில் அந்தக் கடற்கரை நெடுக மழை எச்சரிக்கை, தெற்கே அலிகாந்தே, முர்சியா பக்கம் சிவப்பு. இலையுதிர் காலத்தில் இப்படித்தான், கடல் இன்னும் சூடு, மேலே குளிர்ந்த காற்று வந்தால் கொட்டிவிடும். ஸ்பெயின் வானிலைத் துறையின் தளத்தைத் தினம் காலையில் பாருங்கள். சிவப்பு என்றால் அல்புஃபேரா, ஷாத்திவா எல்லாம் ரத்து, அறையை விட்டுக் கிளம்பக் கூடாது. போன் அலறினால் அணைத்துவிட்டுத் தூங்காதீர்கள், படியுங்கள்.

14 அக்டோபர்

வியாழன் மட்டும் ஒரு தடவை சொல்லிவிடுகிறேன். 9 மணிக்கு மெர்காதோ சென்ட்ரால். 1928இல் கட்டியது, கூரையின் உச்சியில் கிளிப் பொம்மை காற்றுக்குத் திரும்பும். எதிரே லோன்ஹா, பட்டு வணிகர்களின் மாளிகை. உள்ளே திருகு திருகாகத் தூண்கள் பனைமரம்போல விரிந்து கூரையைத் தாங்கும். அண்ணாந்து பார்த்தால் சுவரைச் சுற்றிப் பொன் எழுத்தில் லத்தீன் ஓடும். பேச்சில் வஞ்சகம் இல்லாமல், கொடுத்த வாக்குத் தவறாமல், வட்டிக்கு விடாமல் நடத்துகிற வியாபாரம்தான் நல்லது என்று. அந்த மண்டபத்தில்தான் கடன் பத்திரம் எல்லாம் எழுதினார்கள், அது வேறு விஷயம்.

பதினொன்றரைக்குள் அப்போஸ்தலர் வாசல். குழுக்களோடு வழிகாட்டிகள் வந்து முன்னால் மறைத்துவிடுவார்கள். முடிந்ததும் அதே சதுக்கத்தின் நீரூற்றைக் காட்டுங்கள். நடுவில் சாய்ந்து கிடப்பவர் துரியா நதி, சுற்றிக் குடம் வைத்து நிற்கும் எட்டுப் பெண்கள் எட்டு வாய்க்கால்கள். கதீட்ரல் உள்ளே போனால் பலிபீடத்துக்கு மேலே அண்ணாந்து பாருங்கள், வாத்தியம் வாசிக்கும் தேவதைகளின் பழைய ஓவியம். பின்னால் வந்தவர்கள் பரோக் பாணிக் கூரை போட்டு மூடிவிட்டார்கள், 2004இல் பழுதுபார்க்கும்போது உள்ளே புதுசு மாதிரி இருந்ததைக் கண்டுபிடித்தார்கள். கதீட்ரலின் மிகலேத் மணிக்கோபுரத்துக்கு 207 படி, குறுகல். அப்பா ஏறட்டும், அம்மாவுக்குக் கீழே ஒர்ச்சாத்தா.

23 அக்டோபர்

கேள்வி கேட்டவர் திரும்பி வந்து எழுதியிருக்கிறார். வழக்கு ஒன்றும் வரவில்லையாம். எட்டுப் பெயரும் கூவி முடிந்ததும் அப்பா கேட்டாராம்: "இவ்வளவுதானா? ஃபைல் எங்கே?" ஃபைலே கிடையாது என்று சொன்னதும், அப்படியானால் இவர்கள் எல்லாரும் சரியாகத் தூர் வாருகிறார்கள் என்றுதான் அர்த்தம் என்றாராம். எனக்கு இத்தனை வருஷம் தோன்றவில்லை. வழக்கு இல்லாத வியாழன் எல்லாம் ஏமாற்றம் என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

அம்மாவுக்குப் பிடித்தது ஷாத்திவாவின் தலைகீழ் ராஜாவாம். கணவருக்கு என்ன பிடித்தது என்று எழுதவில்லை, கேட்டுச் சொல்லுங்கள்.

எல் பால்மாரில் காய்கறிப் பாயேயா முதல் நாளே சொல்லியும் மீன் தண்ணீரில்தான் செய்து வைத்திருந்தார்கள், திரும்பச் செய்யச் சொல்லி முக்கால் மணி நேரம் காத்திருந்தோம் என்கிறார். காத்திருந்தது சரி. எடுத்து ஓரமாக வைத்துவிட்டுச் சாப்பிடுங்கள் என்று சொல்லாமல் திரும்பச் செய்தார்களே, அந்தக் கடை பரவாயில்லை.

24 அக்டோபர்

மார்ச்சில் ஃபாயஸ் திருவிழாவுக்குப் போகலாமா என்று இரண்டு பேர். 15 முதல் 19 வரை முக்கிய நாட்கள். தெருவுக்குத் தெரு இரண்டு மாடி, மூன்று மாடி உயரப் பொம்மைகள், 19 இரவு எல்லாவற்றையும் கொளுத்துவார்கள். மார்ச் 1 முதலே தினமும் மதியம் 2 மணிக்கு நகராட்சிச் சதுக்கத்தில் மஸ்க்லெத்தா, வெறும் சத்தத்துக்காக வெடிக்கிற வெடி. வாயைத் திறந்து வைத்துக்கொள்ளுங்கள், காதுக்கு நல்லது என்பார்கள். அறை வேண்டுமென்றால் இப்போதே போடுங்கள், நடு ஊரில் போடாதீர்கள், காலை 8 மணிக்குத் தெருவில் பட்டாசு போட்டே எழுப்புவார்கள். முழங்கால் வலி, இருதய நோய், கைக்குழந்தை இருந்தால் வேறு மாதம்.

அக்டோபர் இழையில் மார்ச்சைக் கலக்க வேண்டாம், தனியாகத் தொடங்குங்கள், அங்கே எழுதுகிறேன்.